காலைக் கரண்டு

வால்டருக்குத் தோட்டத்தில் வைத்திருந்த பெயர் 'ஆச்சு'. முகத்துக்கு நேரே அப்படிக் கூப்பிட்டவர்கள் யாரும் இல்லை. முதுகுக்குப் பின்னால் கூப்பிடாதவர்களும் யாரும் இல்லை. கூலிமுக்குப் பக்கத்தில் இருந்த அந்த ரப்பர் தோட்டத்தில், தினமும் விடிவதற்கு முன்னால், தொழிலாளிகள் குடியிருந்த லயத்து வீடுகளுக்குப் பின்புறம் வரிசையாக இருந்த கக்கூஸ்களில் ஒன்றிலிருந்து ஒரு குரல் வரும். "அக்னஸ், ஆச்சு." உடனே அவர் மனைவி அக்னஸ் அடுப்பில் இருப்பதை அப்படியே விட்டுவிட்டு வாளியும் தண்ணீருமாக ஓடுவாள். லயத்துப் பிள்ளைகள் ஒளிந்து விளையாடும்போது அதே குரலில் அதையே சொல்லி விழுந்து விழுந்து சிரிக்கும். பெரியவர்கள் அதட்டுவார்கள். அதட்டிவிட்டு வாயைப் பொத்திக்கொண்டு அவர்களும் சிரிப்பார்கள்.

வால்டருக்கு இரண்டு கைகளும் கிடையாது. எழுபத்து நாலாம் வருஷம், தோட்டத்து ஆலையில் உறைந்த ரப்பர் பாலை ஷீட்டாக நசுக்கும் ரோலரில் வலது கை போயிற்று. அதை இழுக்கப் போன இடது கையும் கூடவே போயிற்று. ரோலரை நிறுத்துகிற கம்பி ஒழுங்காக வேலை செய்யவில்லை என்று அவர் முன்பே ஆபீஸ் கணக்கு பார்க்கிற பெரிய கிராணியிடம் சொல்லியிருந்தார். பார்க்கலாம் என்றார் கிராணி. தோட்டத்தில் பார்க்கலாம் என்றால் இல்லை என்று அர்த்தம். வால்டர் ஆஸ்பத்திரியில் கிடந்தபோதுதான் அந்தக் கம்பியைப் பழுது பார்த்தார்கள்.

திரும்பி வந்தவருக்கு ஆலை வாசலில் ஜாகா வேலை கொடுத்தார்கள். கையில்லாத காவல்காரன் திருடனைப் பிடிப்பானா என்று யாரும் கேட்கவில்லை. கூச்சல் போட வாய் இருக்கிறதே, அது போதும் என்று துரை நினைத்திருக்க வேண்டும். வலது பக்கம் மணிக்கட்டோடும் இடது பக்கம் முழங்கைக்குக் கொஞ்சம் கீழேயும் முடிந்துபோன அந்த மொட்டைக் கைகளை வைத்துக்கொண்டு வால்டர் எத்தனையோ பழகிக்கொண்டார். கைலியைத் தூக்கிக் கட்டுவார். தேத்தண்ணி டம்ளரை இரண்டு மொட்டைக் கைகளுக்கும் நடுவே பிடித்துக் குடிப்பார். கோயிலில் வலது மொட்டைக் கையால் நெற்றியிலும் நெஞ்சிலும் சிலுவை போடுவார். சோறு ஊட்டிவிட்டால் மகள் கையாலும் சாப்பிடுவார். அந்த ஒரு காரியத்துக்கு மட்டும் வழியே இல்லை.

வழி தேடாமலும் இல்லை. தோட்டத்து எஞ்சின் ரூமில் வேலை செய்த நடராஜா, வால்டரை அண்ணே அண்ணே என்று சுற்றி வருகிறவர், ஒருமுறை ரப்பர் குழாய் ஒன்றைக் கக்கூஸ் சுவரில் பொருத்திக் கொடுத்தார். காலால் மிதித்தால் தண்ணீர் வரும். வந்தது. முதுகெல்லாம் நனைந்தது, கைலி நனைந்தது, கூரைகூட நனைந்தது. நனைய வேண்டிய இடம் ஒன்றுதான் நனையவில்லை. மறுநாள் மறுபடி அந்தக் குரல் கேட்டது.

இப்படியே பத்து வருஷத்துக்கு மேல் ஓடிற்று. அக்னஸ் முகம் சுளித்து யாரும் பார்த்ததில்லை. கழுவி விடுவாள், துடைத்து விடுவாள், சாயங்காலம் என்ன கறி ஆக்கலாம் என்று பேசிக்கொண்டே கைலியை இறக்கி விடுவாள். அவள் அப்படிச் சாதாரணமாகப் பேசுவதுதான் வால்டருக்குத் தாங்காது. திட்டினாலாவது பதிலுக்குத் திட்டலாம். அவர் சுவரைப் பார்த்துக்கொண்டு நிற்பார்.

பிறகு அக்னஸுக்கு உதிரப்போக்கு வந்தது. பால்மரம் வெட்டுகிற, அதாவது பட்டையைக் கீறிப் பால் எடுக்கிற இடத்தில் இரண்டு முறை மயங்கி விழுந்தாள். பினாங்கில் பெரிய ஆஸ்பத்திரியில் சோதித்த டாக்டர், கர்ப்பப்பையில் கட்டி இருக்கிறது, அறுத்து எடுத்தாக வேண்டும், முன்னும் பின்னும் சேர்த்துப் பல நாள் படுக்கையில் இருக்க வேண்டும் என்றார். யோசித்துச் சொல்கிறேன் என்று வந்துவிட்டாள். என்ன யோசனை என்பதை அவளால் அந்த டாக்டரிடம் எப்படிச் சொல்ல முடியும்?

வீட்டில் வால்டர் போ போ என்று நச்சரித்தார்.

"நீ போ. நான் பாத்துக்கிறேன்."

"எப்படிங்க பாத்துக்குவீங்க?"

மகள் ஜெனவீவ், பதினாறு வயசு, சுவரோரமாக உட்கார்ந்து பள்ளிப் பாடம் எழுதிக்கொண்டிருந்தவள், தலையைத் தூக்காமலே சொன்னாள்: "நான் செய்றேன்பா. இதுல என்ன இருக்கு."

வால்டர் எதிரே இருந்த சோற்றுத் தட்டை உதைத்துவிட்டார். தட்டு கதவில் போய் மோதியது. "பெத்த பொண்ணு கையால கழுவிக்கிட்டு நான் உசுரோட இருக்கணுமா?"

நடராஜாவும் மெல்லப் பேச்செடுத்துப் பார்த்தார். நான் தம்பிதானே அண்ணே என்றார். இன்றைக்குத் தம்பி கழுவுவான், நாளைக்குக் கள்ளுக்கடையில் அது பேச்சாகும் என்றார் வால்டர். நடராஜா அப்படிப்பட்டவர் இல்லை என்று வால்டருக்கே தெரியும். வீம்பு என்று ஒன்று இருக்கிறதே, அதற்குக் கை கால் தேவையில்லை, நாக்கு ஒன்று போதும். அந்த வீம்பு அக்னஸுக்கும் புரிந்தது. அதனால் வற்புறுத்தவில்லை. இடுப்பில் துணியை இறுக்கிக் கட்டிக்கொண்டு வேலைக்குப் போனாள்.

மரம் வெட்டி முடித்த பிறகு, வாரத்தில் இரண்டு நாள், அவள் கூலிம் டவுனில் ஒரு ஜப்பான்காரர் வீட்டைக் கூட்டித் துடைக்கப் போவாள். அவர் ஏதோ ஒரு பேக்டரியில் மேனேஜர். அந்த வீட்டுக் கக்கூஸில் ஒரு வெள்ளை இருக்கை இருந்தது. அதன் பக்கத்தில் பலகை மாதிரி ஒன்று நீண்டு, அதில் வரிசையாகப் பொத்தான்கள். முதல் தடவை துடைக்கும்போது துணி ஏதோ பொத்தானில் பட்டு, உள்ளேயிருந்து விரல் பருமன் குழாய் ஒன்று நீண்டு, வெதுவெதுப்பான தண்ணீரை அவள் முகத்திலேயே அடித்தது. வீட்டுக்கார அம்மா ஓடி வந்து, வயிற்றைப் பிடித்துக்கொண்டு சிரித்து, அது எதற்கு என்று சைகையில் காட்டினாள். ஒரு பொத்தான் கழுவுவதற்கு, ஒரு பொத்தான் காய வைப்பதற்கு. கை வைக்கவே வேண்டாம்.

அக்னஸ் முகத்தைத் துடைக்கக்கூட மறந்து நின்றாள். அன்றைக்கு வீடு வரும்வரை பஸ்ஸில் அழுதுகொண்டு வந்தாள். யாரிடமும் சொல்லவில்லை. ஆகாசத்தில் இருப்பதற்கு ஆசைப்படுகிறோம் என்று நினைத்திருப்பாள்.

எண்பத்தைந்தில் அந்த ஜப்பான்காரருக்கு ஊருக்கு மாற்றல் வந்தது. சாமான்களில் உனக்கு என்ன வேண்டும், எடுத்துக்கொள் என்று வீட்டுக்கார அம்மா காட்டினாள். சோறு ஆக்கும் கரண்டுப் பானை இருந்தது, மின்விசிறி இருந்தது, நல்ல மெத்தை இருந்தது. அக்னஸ் கக்கூஸ் பக்கம் விரலை நீட்டினாள். அந்த அம்மாவுக்கு முதலில் சிரிப்பு வந்தது. அக்னஸ் தன் இரண்டு கைகளையும் முதுகுக்குப் பின்னால் மறைத்துக்கொண்டு, "சுவாமி சாயா" என்றாள், மலாயில், என் புருஷன் என்று. அந்த அம்மா சிரிப்பை நிறுத்திவிட்டாள். தானே உட்கார்ந்து அந்த இருக்கையைக் கழற்றிக் கழுவித் துடைத்து, புதுத் துண்டில் சுற்றி, ஜப்பான் கரண்டுக்கும் நம் கரண்டுக்கும் ஒத்து வராது என்பதால் நடுவில் வைக்கிற கனமான பெட்டியையும் சேர்த்துக் கொடுத்தாள்.

இருக்கை வந்துவிட்டது. அதை உட்கார வைக்கக் கோப்பை வேண்டுமே. லயத்துக் கக்கூஸ் குத்துக்காலிட்டு உட்காருகிற மாதிரி கட்டியது. நடராஜா யோசித்து, துரை பங்களாவின் பின்புறம் லாலாங் புல்லுக்குள் கிடந்த பழைய பீங்கான் கோப்பையைக் கண்டுபிடித்தார். வெள்ளைக்காரத் துரைகள் காலத்தில் உட்கார்ந்து எழுந்த கோப்பை. பங்களாவைப் புதுப்பித்தபோது தூக்கிப் போட்டது. தோட்டக்காரன் அதில் மண் நிரப்பி நித்தியகல்யாணி வைத்திருந்தான். செடியைப் பிடுங்கி எறிந்துவிட்டு, கோப்பையைத் தள்ளுவண்டியில் வைத்து லயத்துக்குள் கொண்டுவந்தபோது பிள்ளைகள் ஊர்வலமாகப் பின்னால் வந்தன. துரைமார் உட்கார்ந்த இடத்தில் உட்காரப் போறீங்க என்று யாரோ கேலி பேசினார்கள். வால்டரும் அன்றைக்குச் சிரித்தார்.

கக்கூஸ் தரையை உடைத்து, கோப்பையை நிறுத்தி, சிமெண்டு பூசி, தண்ணீர்க் குழாயை இழுத்து, இருக்கையை மாட்டினார் நடராஜா. மேலே தொட்டி வைத்து, முழங்கையை நுழைத்து இழுக்க வசதியாகக் கயிற்றின் முனையில் வளையம் கட்டினார். லயத்திலிருந்து ஒயர் இழுப்பதற்கு மட்டும் கிராணியிடம் நாலு தடவை நடக்க வேண்டியிருந்தது.

கரண்டு விஷயத்தைச் சொல்ல வேண்டும். அந்தத் தோட்டத்துக்குச் சர்க்கார் கரண்டு இன்னும் வரவில்லை. தோட்டத்து டீசல் எஞ்சின் ஓடினால்தான் லயத்தில் விளக்கு. விடிவதற்கு முன்னால் பிரட்டுக்காக, அதாவது ஆள்கணக்கு எடுக்கிறதுக்காக, ஓட்டுவார்கள். ஆட்கள் மரம் வெட்டப் போனதும் நிறுத்திவிடுவார்கள். மறுபடி இருட்டியதும் ஓட்டுவார்கள். அந்நேரம் வீட்டுக்கு வீடு டிவி ஓடும், பல்பு மஞ்சள் காமாலை பிடித்து மினுக்கும், அந்தக் கரண்டில் ஜப்பான் மெஷின் அசையாது. ஆக, காலைக் கரண்டுதான் வால்டருக்கு. வயிற்றையும் அதற்கே பழக்கினார். எஞ்சின் சத்தம் கேட்டதும் எழுந்து போவார்.

முதல் நாள் அக்னஸ் வெளியே நின்றாள். பொத்தானை மொட்டைக் கையால் அழுத்துகிற சத்தம் கேட்டது. தண்ணீர்ச் சத்தம் கேட்டது. காற்று ஊதுகிற சத்தம் கேட்டது. கயிறு இழுத்த சத்தமும் கேட்டது. கதவைத் தோளால் தள்ளிக்கொண்டு வெளியே வந்தவர் அவளைத் தாண்டி வீட்டுக்குள் போய், பாயில் குப்புறப் படுத்துக்கொண்டு அழுதார். அன்று லயத்தில் அந்தக் குரல் கேட்கவில்லை. பக்கத்து வீடுகளில், இன்றைக்கு நேரம் என்ன ஆயிற்று என்று தெரியாமல் திணறியவர்களும் உண்டு.

எல்லாம் நன்றாக நடந்தது. ஞாயிற்றுக்கிழமை பிரட்டு கிடையாது, எஞ்சினும் கிடையாது. அன்றைக்கு அக்னஸ் வீட்டில் இருப்பாள், பழையபடி வாளியோடு வருவாள். மழை பெய்தால் மரம் வெட்ட முடியாது. பிரட்டும் இல்லை, எஞ்சினும் இல்லை. அன்றைக்கும் அக்னஸ் வீட்டில் இருப்பாள். எஞ்சின் ஓடாத நாளெல்லாம் அவள் வேலைக்குப் போகாத நாள். அதனால் எஞ்சின் ஓடாத நாளை யாரும் ஒரு குறையாக நினைக்கவில்லை. விடியும்போது வானத்தைப் பார்த்தே பிழைப்பு நடத்துகிற சனம், வால்டர், அக்னஸ், எஞ்சினை ஓட்டுகிற நடராஜா, ஒருவருக்குமே மழை நினைப்பு வராமல் போயிற்று.

அக்னஸ் அக்டோபரில் ஆஸ்பத்திரிக்குப் போனாள். ஞாயிற்றுக்கிழமைக்கு என்ன செய்வீர்கள் என்று மட்டும் கேட்டாள். சனிக்கிழமை கொஞ்சமாகச் சாப்பிட்டுச் சமாளித்துக்கொள்வேன் என்றார். போகும்போது அவள் முகத்தில் ஒரு தெளிவு இருந்தது. உடம்பில் ரத்தம் போதாது, ஏற்றிவிட்டு அறுக்கிறோம் என்று டாக்டர் அடுத்த வாரத்துக்கு நாள் குறித்தார்.

அவள் போன சில நாளில் மழை பிடித்துக்கொண்டது. விடியுமுன்பே கொட்டுகிற மழை. லயத்தில் எல்லோருக்கும் சந்தோஷம், போர்வையை இழுத்து மூடிக்கொண்டார்கள். வால்டர் பாயில் உட்கார்ந்து எஞ்சின் சத்தத்துக்குக் காத்திருந்தார். வரவில்லை. வெளுத்த பிறகு நடராஜா குடையோடு வந்து வாசலில் நின்றார். அவருக்கும் அப்போதுதான் உறைத்திருந்தது.

"அண்ணே, இன்னிக்குப் பிரட்டு இல்ல."

"தெரியுது."

மறுநாளும் மழை. நடராஜா பொறுக்க மாட்டாமல் எஞ்சினைத் தட்டிவிட்டார். தட்டிய வேகத்தில் பங்களா விளக்கெல்லாம் எரிந்தது. வால்டர் கக்கூஸ் கதவை எட்டுவதற்குள் கிராணி சைக்கிளில் வந்து எஞ்சினை நிறுத்தச் சொல்லி, டீசலை உன் அப்பன் வீட்டிலிருந்து கொண்டுவந்தாயா என்று கேட்டுவிட்டு, எஞ்சின் ரூம் சாவியை வாங்கிக்கொண்டு போனார். இனி பிரட்டு உள்ள நாளில் ஆபீஸில் வந்து சாவி வாங்கிக்கொள் என்றார். கைகளை எடுத்துக்கொண்ட தோட்டம் அவர் எந்த நேரத்தில் சுத்தமாக இருக்கலாம் என்பதையும் தன் சாவிக்கொத்தில் கோத்து வைத்துக்கொண்டது.

மழை விடவில்லை. வால்டர் சாப்பாட்டை நிறுத்திவிட்டார். காய்ச்சல் என்றார், வாய்க் கசப்பு என்றார். ஜெனவீவ் கஞ்சியோடு பக்கத்தில் உட்கார்ந்தால் முகத்தைத் திருப்பிக்கொண்டார். ஒரு காலை அவர் வயிறு தாங்காமல் கக்கூஸுக்குள் போய்க் கதவைக் காலால் அடைத்துக்கொண்டார். ஜெனவீவ் வாளியோடு மழையில் நின்று அப்பா, அப்பா என்று தட்டினாள். அவர் திறக்கவில்லை. கடைசியில் குழாயடியில், மழைக்குள், எப்படியோ தன்னைத் தானே நனைத்துக்கொண்டு வந்து நடுங்கியபடி படுத்தார். அதன்பிறகு தண்ணீர்கூடத் தொடவில்லை.

ஜெனவீவ் பஸ் ஏறி ஆஸ்பத்திரிக்குப் போனாள். ஒன்றும் சொல்லக்கூடாது என்றுதான் போனாள். அப்பா சாப்பிட்டாரா என்று அக்னஸ் கேட்டாள். அந்தப் பெண்ணுக்குப் பொய் சொல்ல வரவில்லை.

அன்று சாயங்காலம் அக்னஸ் தோட்டத்து முச்சந்தியில் பஸ்ஸை விட்டு இறங்கி மழையில் நடந்து வந்தாள். டாக்டர் கத்தியிருக்கிறார், நர்ஸ் கெஞ்சியிருக்கிறாள். அடுத்த மாதம் வருகிறேன் என்று சொல்லிவிட்டு வந்திருக்கிறாள். வால்டர் பாயில் எழுந்து உட்கார்ந்தார்.

"ஏன் வந்த?"

"நீங்க சாப்பிடலையாமே."

அவள் ஈரத் துணியோடு கஞ்சியைக் கரைத்து ஊட்டினாள். அவர் வாயைத் திறந்தார். அவளைப் பார்த்ததும் அவருக்கு மனசு நிறைந்துபோயிற்று, வயிற்றில் இருந்த பாரம் இறங்கினமாதிரி இருந்தது. போ, இப்போதே திரும்பிப் போ என்று சொல்லியிருக்க வேண்டியவர் இன்னொரு வாய் கேட்டு வாங்கிச் சாப்பிட்டார். பிற்பாடு அவரைத் தின்றது அந்தச் சந்தோஷம்தான்.

மறுநாள் விடியுமுன், மழைச் சத்தத்தையும் மீறி, லயம் முழுக்கக் கேட்டது. "அக்னஸ், ஆச்சு."

அடுத்த மாதம் மழை ஓயட்டும் என்றாள். மழை ஓய்ந்ததும் கிறிஸ்மஸ் கழியட்டும் என்றாள். அதற்குப் பிறகு போனபோது டாக்டர் கத்தவில்லை. மெதுவாகப் பேசினார், நாற்காலியில் உட்காரச் சொன்னார். கட்டி பரவிவிட்டது, இனி அறுத்துப் பிரயோஜனமில்லை என்றார். தவக்காலத்தில் அக்னஸ் செத்துப்போனாள். அடக்கத்தின்போது சவப்பெட்டியில் மண் போட எல்லோரும் குனிந்தார்கள். வால்டர் காலால் கொஞ்சம் மண்ணைத் தள்ளிவிட்டார். சாமியார் அதைப் பார்க்காததுபோல் ஜெபத்தைத் தொடர்ந்தார்.

அடக்கம் முடிந்த அதே வாரத்தில் ஒரு காலை மழை பெய்தது. எஞ்சின் ஓடவில்லை. வால்டர் கக்கூஸில் உட்கார்ந்திருந்தார். யாரையும் கூப்பிடவில்லை. ஜெனவீவ் வாளியோடு வந்தாள். கேட்கவில்லை, தட்டவில்லை, கதவைத் தள்ளிக்கொண்டு உள்ளே வந்தாள். அவர் கண்ணை மூடிக்கொண்டார். அவள் கழுவி விட்டாள், துடைத்து விட்டாள், கைலியை இறக்கி விட்டு வாளியை எடுத்துக்கொண்டு போய்விட்டாள். அடுப்பில் வைத்த தேத்தண்ணி கொதிக்கக்கூட இல்லை, அதற்குள் முடிந்துவிட்டது. வானம் இடிந்து விழவில்லை. இவ்வளவுதானா என்று வால்டர் நினைத்தார். இந்த இவ்வளவுக்காகத்தான் அக்னஸ் ஆஸ்பத்திரிக் கட்டிலை விட்டு இறங்கி வந்தாள். அவர் அங்கேயே நின்று தலையைச் சுவரில் முட்டிக்கொண்டார்.

எண்பத்தெட்டில் தோட்டத்தை விற்றார்கள். ஜெனவீவுக்குக் கூலிமில் பேக்டரி வேலை கிடைத்திருந்தது. டவுன் ஓரத்தில் ஒரு சின்ன வீட்டுக்குக் குடிபோனார்கள். நடராஜா வந்து ஜப்பான் இருக்கையை அங்கேயும் மாட்டிக் கொடுத்துவிட்டுப் போனார். அந்த வீட்டில் கரண்டு ராப்பகலாக இருந்தது. மழை பெய்தாலும் இருந்தது, ஞாயிற்றுக்கிழமையும் இருந்தது. எந்த நேரம் போனாலும் வெந்நீர் வரும், காற்று வரும். வால்டருக்கு இனி யாருடைய கையும் வேண்டியதில்லை.

பக்கத்து வீட்டு மருதம்மாளுக்குச் சுவர் வழியாக எல்லாம் கேட்கும். புதுசாகக் குடிவந்தவர்கள் ஆயிற்றே என்று கொஞ்ச நாள் பொறுத்துப் பார்த்தாள். ஒருநாள் ஷிப்ட் முடிந்து கம்பெனி பஸ்ஸில் வந்து இறங்கிய ஜெனவீவை வாசலில் நிறுத்திக் கேட்டுவிட்டாள்.

"ஏம்மா, உங்கப்பா காலையில கக்கூஸ்லேருந்து அக்னஸ் அக்னஸ்னு கூப்பிடுறாரு லா. யாரும் போற மாதிரி தெரியலையே. வயசானவரு, ஒரு ஆளு போய்ப் பாக்க வேணாமா?"

ஜெனவீவ் செருப்பைக் கழற்றிக்கொண்டே சொன்னாள்: "யாரும் போக வேணாம்க்கா. அதுக்குள்ள மெஷின் கழுவியிருக்கும்."